உள்மடிப்பில் ஒரு சொட்டு

கறையக்காவால் எடுக்க முடியாத கறை இந்த உலகத்தில் இரண்டே இரண்டுதான் என்று சலவைக்கூடத்தில் பேசிக்கொள்வார்கள். ஒன்று நிலாவில் இருப்பது. மற்றது, வாடிக்கையாளர் ஒருவர் சட்டைக் காலரில் கொண்டுவந்து, என்ன கறை என்று கடைசிவரை சொல்ல மறுத்து, மனைவி வருவதற்குள் சட்டையைப் பிடுங்கிக்கொண்டு ஓடிப்போனது. மற்றபடி மை, கிரீஸ், துரு, ரத்தம், உதட்டுச்சாயம் எல்லாம் அவள் பாட்டில் மூடியைத் திருகும் சத்தம் கேட்டாலே துணியிலிருந்து தாமாக இறங்கி வரிசையில் நின்றுவிடும்.

ஐம்பத்திரண்டு வயது. ஒல்லி உடம்பு. இடது கை விரல் நுனிகளில் ரேகையே கிடையாது. முப்பது வருடத் திரவங்கள் தின்றுவிட்டன. அடையாள அட்டைக்குக் கைரேகை எடுக்கப் போனபோது அந்தக் கருவி அவளை மனிதப் பிறவியாகவே ஒப்புக்கொள்ளவில்லை. அவள் வீட்டுக்காரர் அதைச் சொல்லியே ஒரு வருடம் சிரித்தார்.

அவளுக்கு ஒரே சட்டம். எந்தத் துணி வந்தாலும், கறைமேல் நேராகக் கை வைக்கக் கூடாது. துணியைப் புரட்டு, கண்ணுக்குத் தெரியாத உள்மடிப்பைத் தேடு, அங்கே ஒரு சொட்டு விடு, பத்து எண்ணு. சாயம் விடவில்லையென்றால் அப்புறம் முகப்புக்கு வா. புதிதாக வேலைக்கு வருகிறவர்களிடம் வேறு எதுவும் சொல்ல மாட்டாள். "முதல்ல உள்மடிப்பு. அப்புறம்தான் மூஞ்சி." அவ்வளவுதான் பாடத்திட்டம்.

அந்தச் சட்டம் அவளை ஒரே ஒருமுறை கைவிட்டது. அது ஒரு விலை உயர்ந்த மேல்கோட்டு. உள்மடிப்பில் சொட்டு விட்டாள், எண்ணினாள், சாயம் விடவில்லை. முகப்பில் விட்டாள். உள்ளங்கை அகலத்துக்குத் துணி வெளுத்துப்போனது. தைத்தவன் உள்மடிப்புக்கு மட்டும் வேறு துணி வைத்துத் தைத்திருக்கிறான். கோட்டுக்காரர் போட்ட சத்தத்தில் நான்கு தெரு தள்ளித் தூங்கிக்கொண்டிருந்த குழந்தை எழுந்து அழுததாம். நான்கு மாதச் சம்பளம் அதற்கே போனது. நடந்து பல வருடம் ஆகிவிட்டது. அவள் மறந்தும் விட்டாள். இந்தக் கதையில் அவள் செய்த தப்பு அந்த மறதிதான்.

ஆறு வருடம் முன்பு, அவள் ஒரு சின்னச் சலவைக் கடையில் இருந்தபோது, இருபத்தாறு வயது இளைஞன் ஒருவன் சட்டைப்பை முழுக்க மை ஒழுக உள்ளே வந்தான். அரைமணியில் முக்கியமான ஆளைப் பார்க்க வேண்டுமாம். அவள் கால்மணியில் எடுத்துக் கொடுத்தாள். அவன் சட்டையை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான். பிறகு அவளைப் பார்த்தான்.

"அக்கா, நான் ஒரு கம்பெனி ஆரம்பிக்கப்போறேன். போன்ல ஒரு அமுக்கு. வீட்டு வாசல்ல வந்து அழுக்குப் பையை எடுத்துக்குவோம். மறுநாள் தேய்ச்சு மடிச்சு வாசல்ல. நீங்கதான் என் முதல் ஆள்."

"சம்பளம்?"

"பாதிதான். மீதிப் பாதிக்கு கம்பெனில பங்கு தரேன்."

"பங்குன்னா?"

"ஆறாயிரம் பங்கு, ஒவ்வொண்ணும் ஒரு காசுன்னு எப்ப வேணா வாங்கிக்கிற உரிமை. இன்னைக்கு அது வெறும் காகிதம். ஒரு நாள் பாருங்க."

அவன் சொன்ன விதத்தில், அந்த ஒரு நாள் அடுத்த தெருவில் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பிவிட்டது போலத்தான் இருந்தது. அவள் கையெழுத்துப் போட்டாள். காகிதத்தைப் பீரோவில், நல்ல புடவைகளுக்கு அடியில், அந்துருண்டையோடு வைத்தாள்.

கம்பெனி வளர்ந்த வேகத்தைச் சொன்னால் நம்ப மாட்டார்கள். மூன்று மெஷின் முப்பதானது. முப்பது முந்நூறானது. ஒவ்வொரு மெஷினும், பஸ்ஸை டிரைவரோடு உள்ளே தள்ளித் துவைத்து வெளியே எடுக்கிற அளவு. ஊரில் எல்லாரும் பையைக் கொடுத்தார்கள். கொடுக்காமல் என்ன? ஒரு பையைத் துவைக்க நூறு செலவானால் வாடிக்கையாளரிடம் அறுபதுதான் வாங்கினார்கள். மீதி நாற்பதைக் கோட்டுப் போட்ட ஆட்கள் எங்கிருந்தோ விமானத்தில் வந்து கொடுத்துவிட்டுப் போனார்கள். கொடுத்துவிட்டு, நன்றியும் சொல்லிவிட்டுப் போனார்கள். அதுதான் அவளுக்குப் புரியவே இல்லை.

புரியவைத்தது பென்சில். கணக்குப் பிரிவில் இருந்த ஒடிசலான ஆள். காதில் எப்போதும் பென்சில் செருகியிருப்பான், குளிக்கும்போதும் எடுப்பானா என்பது சந்தேகம். ஒரு மத்தியானம் சட்டையில் குழம்பைக் கொட்டிக்கொண்டு கறை மேஜைக்கு வந்தான்.

"அக்கா, விஷயம் தெரியுமா? நாம யூனிகார்ன் ஆயிட்டோம்."

"அப்படின்னா?"

"நூறு கோடி டாலர் மதிப்பு. புதுக் கம்பெனியா இருக்கணும், பங்குச்சந்தைக்கு இன்னும் வராம தனியார் கையில இருக்கணும், மதிப்பு நூறு கோடி டாலரைத் தொடணும். இந்த மூணும் சேர்ந்தா அதுக்கு அந்தப் பேரு. ஒத்தைக் கொம்புக் குதிரை."

அவள் சட்டையின் உள்மடிப்பில் ஒரு சொட்டு விட்டு எண்ணிக்கொண்டே கேட்டாள். "யார்கிட்ட இருக்கு அந்த நூறு கோடி?"

"யார்கிட்டயும் இல்ல."

"பின்ன?"

"ஒருத்தர் வந்து நூத்துல ஒரு பங்கை ஒரு கோடி டாலர் குடுத்து வாங்கினாரு. நூத்துல ஒண்ணு ஒரு கோடின்னா, மொத்தம் நூறு கோடி. பெருக்கல் அக்கா."

"மீதி தொண்ணூத்தொம்பதை எவன் வாங்கினான்?"

"எவனும் வாங்கல. வாங்கினா இதே விலைக்குத்தான் வாங்குவான்னு வெச்சுக்கறது."

"நம்ம தெருல ஒருத்தன் ஒரே ஒரு வெங்காயத்தை ஆயிரம் குடுத்து வாங்கிட்டா, கடைல இருக்குற மூட்டைக்கெல்லாம் அதான் விலையா?"

பென்சில் சிரித்தான். சிரிப்பு கொஞ்சம் சீக்கிரமாகவே நின்றுவிட்டது. "வாங்கினவனுக்கு வேற என்னென்ன எழுதிக் குடுத்தாங்கங்கறதையும் பாக்கணும்," என்று ஆரம்பித்தவன், காதிலிருந்த பென்சிலைத் தொட்டுப் பார்த்துவிட்டு, சட்டையை வாங்கிக்கொண்டு போய்விட்டான்.

அவள் பத்தை எட்டில் விட்டதை அப்போதுதான் கவனித்தாள். பரவாயில்லை, குழம்புக் கறைதானே.

கொண்டாட்டத்துக்கு முதலாளித் தம்பி, அந்த மைச்சட்டை இளைஞன்தான், ஒரு நிஜக் குதிரையை வரவழைத்தான். வெள்ளைக் குதிரை. அட்டையில் செய்து தங்க வண்ணம் பூசிய முழ நீளக் கொம்பு. பட்டை போட்டுக் கட்டினால் போட்டோவில் தெரியும் என்று செருப்பு ஒட்டுகிற பசையால் நெற்றியிலேயே ஒட்டிவிட்டார்கள். கம்பெனி ஆட்கள் முந்நூறு பேரும் குதிரையோடு ஒவ்வொருவராகப் படம் எடுத்துக்கொண்டார்கள். குதிரை முதல் நூறு பேருக்கு முகம் கொடுத்தது. அடுத்த நூறு பேருக்கு வேறு பக்கத்தைக் கொடுத்தது. அன்றிலிருந்து தம்பிக்குக் கொம்பன் என்று பெயர். அவன் காதிலும் விழுந்தது. சந்தோஷப்பட்டான்.

படம் எடுத்து முடிந்தபின் கொம்பு வரவில்லை. இழுத்தார்கள், குதிரையே கூட வந்தது. கடைசியில் கறையக்காவைக் கூப்பிட்டார்கள்.

"தங்கச்சி, பாத்து," என்றார் குதிரைக்காரர். "எனக்கு இருக்குறது இது ஒண்ணுதான்."

அவள் குதிரையைச் சுற்றிவந்தாள். காதுக்குப் பின்னால், வெளியே தெரியாத இடத்தில், ஒரு சொட்டு விட்டுப் பத்து எண்ணினாள். குதிரை ஆட்சேபிக்கவில்லை. பிறகு நெற்றிக்கு வந்து, பசையை நூல் நூலாகக் கரைத்துக் கொம்பைக் கழற்றினாள். கொம்போடு வட்டமாக முடியும் வந்துவிட்டது.

"வளந்துரும்ணே."

"வளரும். கொம்பு இருந்ததுக்கு நாலு மடங்கு வாடகை குடுத்தாரு உங்க மொதலாளி, குறை சொல்ல மாட்டேன்." அவர் குதிரை நெற்றிச் சொட்டையைத் தடவினார். "ஆனா நாளைக்கே ஒரு கஷ்டம்னு இதைச் சந்தைக்கு ஓட்டிட்டுப் போறேன்னு வை. அங்க எவன் கொம்பைப் பாப்பான்? வாயைத் தொறந்து பல்லை எண்ணுவான்."

குதிரை கிளம்பும்போது, நாள் முழுக்கப் புழுதி ஏறிப் பழுப்பாகியிருந்த அதன் நெற்றியில் அந்த வட்டம் வெளேரென்று தெரிந்தது. முடி இருந்த இடத்தைவிட முடி இல்லாத இடம்தான் பளிச்சென்று இருந்தது.

கறையக்காவுக்கு இருமல் அதற்கு முன்பே ஆரம்பித்திருந்தது. முதலில் விருந்தாளி மாதிரி வந்து போனது. பிறகு பெட்டி படுக்கையோடு தங்கிவிட்டது. மூன்றாவது மாடியில் இருந்த வீட்டுக்குப் படி ஏறும்போது இரண்டாவது மாடியில் ஒருமுறை உட்கார வேண்டியிருந்தது. டாக்டர் எக்ஸ்ரே படத்தை விளக்குக்கு நேராகப் பிடித்துக்கொண்டு நெடுநேரம் பார்த்தார்.

"நீங்க கறை எடுக்குறவங்கன்னு சொன்னாங்க. உங்க நுரையீரல்ல இருக்குறதை எடுக்க என்கிட்ட பாட்டில் இல்லம்மா. அந்த நெடி இருக்குற இடத்துக்கு இனிமே போகாதீங்க. ஒரு நாள்கூட."

வேலையை விட்டாள். விட்ட அன்று, அலுவலகத்தில் ஒரு தாளை நீட்டினார்கள். பங்கு வாங்கும் உரிமையைத் தொண்ணூறு நாளுக்குள் பயன்படுத்தி ஆறாயிரத்தையும் வாங்கிவிட வேண்டும். இல்லையென்றால் உரிமை காலாவதி. ஆறு வருடப் பாதிச் சம்பளம் ஆவியாய்ப் போகும்.

பங்கின் விலை ஒரு காசுதான். பிரச்சினை அது இல்லை. குதிரைக்குக் கொம்பு வைத்த பிறகு ஒரு பங்கின் மதிப்பு ஆயிரத்து இருநூறு. ஒரு காசுக்கு ஆயிரத்து இருநூறு பெறும் பொருளை வாங்கினால் நடுவில் இருப்பது வருமானம். எழுபத்திரண்டு லட்சம் வருமானம். அதற்கு வரி, கிட்டத்தட்ட இருபத்திரண்டு லட்சம். கையில் ஒரு பைசா வராத வருமானத்துக்கு.

"வித்து வர்ற காசுல வரியைக் கட்டிரலாமே?" என்று பென்சிலிடம் கேட்டாள்.

"வாங்க ஆள் வேணுமே அக்கா. சந்தைல இருக்குற கம்பெனின்னா காலைல வித்து சாயங்காலம் காசு. இது தனியார். வெளியாளுக்கு விக்கணும்னா மேல இருக்குறவங்க அனுமதி வேணும். குடுக்க மாட்டாங்க."

"அப்ப வீட்டை வெச்சுத்தான் கட்டணும்."

பென்சில் தலையைத் தூக்கினான். "வீட்டை வெக்காதீங்க அக்கா."

"ஏன்?"

அவன் பென்சிலைக் காதிலிருந்து எடுத்தான். மேஜையில் வைத்தான். மறுபடி எடுத்துக் காதில் செருகினான். "சும்மா சொன்னேன்," என்றான்.

இவன் பிந்தி வந்தவன், இவனுக்கு இருப்பது முந்நூறு பங்குதான், வயிற்றெரிச்சல் என்று நினைத்துக்கொண்டாள். ஒரு நல்ல மனிதனைப் பற்றி அவள் நினைத்த மிகக் கேவலமான நினைப்பு அது. வட்டியோடு திரும்பி வந்தது.

வீடு என்பது மூன்றாவது மாடியில் இரண்டு அறை, ஒரு அடுக்களை. வீட்டுக்காரர் இருபத்தேழு வருடம் பஸ் ஓட்டி வாங்கியது. அந்த இருபத்தேழு வருடத்தில் அவர் ஓட்டிய தூரத்தை நீட்டினால் நிலாவுக்குப் போய், அங்கே இருக்கிற கறையைத் தொட்டுவிட்டு, திரும்பி வந்து, அரை டேங்க் டீசலும் மிச்சம் இருக்கும். முதுகெலும்பில் இரண்டு வட்டு தேய்ந்து, அந்தத் தேய்மானம்தான் அடுக்களையும் அறைகளுமாக ஆனது. அதைத் தவிர அவர்களுக்கு வேறு எதுவும் இல்லை; பிள்ளை குட்டியும் இல்லை.

அவர் சோபாவில் முதுகுக்குத் தலையணை வைத்துக்கொண்டு கேட்டார். "ஏம்மா கோடீஸ்வரி, உன் தொழில்ல முதல்ல என்ன பண்ணுவே?"

"உள்மடிப்புல ஒரு சொட்டு."

"இதுக்கும் அதையே பண்ணேன். ஆறாயிரத்தையும் மொத்தமா வாங்காதே. ஒண்ணே ஒண்ணை வாங்கு. அதை வித்துப் பாரு. போணியாகுதான்னு தெரியும். அப்புறம் மூஞ்சிக்கு வா."

அவள் அவரைப் பார்த்தாள். கல்யாணமாகி முப்பது வருடத்தில் இந்த மனிதர் சொன்ன முதல் உருப்படியான யோசனை என்று தோன்றியது. அதை வாய்விட்டும் சொன்னாள். "இத்தனை நாள் சேத்து வெச்சிருந்தேன்," என்றார்.

மறுநாள் ஒரு பங்கை வாங்கினாள். காகிதத்தைக் கைப்பையில் வைத்துக்கொண்டு நேராகக் கொம்பன் அறைக்குப் போனாள். கண்ணாடி அறை. மேஜையின் மேல் அந்த அட்டைக் கொம்பு, பசை காய்ந்து, வெள்ளை முடி நான்கைந்து ஒட்டியபடி, கண்ணாடிப் பெட்டிக்குள் இருந்தது.

"தம்பி, இந்த ஒண்ணை விக்கணும்."

அவன் காகிதத்தைப் பார்த்தான். சிரித்தான். அந்தச் சிரிப்பில் கெட்ட எண்ணம் இம்மிகூட இல்லை. அதைச் சொல்லிவிட வேண்டும். ஏமாற்றுகிறவனாக இருந்திருந்தால் அவள் கண்டுபிடித்திருப்பாள். முப்பது வருடம் சட்டைக் காலரைப் பார்த்து ஆளைச் சொன்னவள். அவன் நம்பினான். கொம்பு தன் நெற்றியில்தான் முளைத்திருக்கிறது என்று மனதார நம்பினான்.

"எதுக்கு அக்கா?"

"போணியாகுதான்னு பாக்கணும்."

"உள்மடிப்பா?" அவனுக்கும் அவள் சட்டம் தெரியும். கண் கலங்கிவிட்டான். "வெளியாளுக்கு விக்கத்தான் தடை. நானே வாங்கிக்கிறேன்." போனை எடுத்தான். அமுக்கினான். அவள் போன் கிணுகிணுத்தது. ஆயிரத்து இருநூறு. ஒரு காசு குறையவில்லை.

"மீதியையும் வாங்கினப்புறம், நீங்களே எடுத்துக்கலாமே தம்பி?"

"என்கிட்ட ஏது அக்கா அவ்வளவு? என்னோடதும் காகிதம்தானே. பொறுங்க, ரெண்டே வருஷம். சந்தைக்குப் போறோம். மூணு மடங்கு ஆகும். இப்ப வித்தீங்கன்னா அப்புறம் என்னைத் திட்டுவீங்க."

தன்னுடையதும் காகிதம்தான் என்று அவனே சொன்னான். அவள் காதில் விழுந்தது ஆயிரத்து இருநூறு வந்த கிணுகிணுப்பு மட்டும். ஒரு சொட்டு விட்டாயிற்று. பத்து எண்ணியாயிற்று. சாயம் விடவில்லை.

வரும் வழியில் அந்தப் பணத்துக்கு ஒரு சுவர்க் கடிகாரம் வாங்கினாள். வட்டமானது, கறுப்பு விளிம்பு. அடுக்களையில் அடுப்புக்கு எதிர்ச்சுவரில் வீட்டுக்காரர் ஆணி அடித்து மாட்டினார். "ஒரு பங்குக்கு ஒரு கடிகாரம்," என்றார். "அப்ப ஆறாயிரம் கடிகாரத்துக்கு இடம் பாக்கணும்மா. அலாரம் வெச்சா ஊரே எழுந்துரும்."

இருவரும் சிரித்தார்கள். அவளுக்கு இருமல் வந்தது.

அடுத்த வாரம் வங்கிக்காரர் வந்து அளவு நாடாவால் அறைகளை அளந்தார். வீட்டுப் பத்திரம் வங்கிக்குப் போனது. இருபத்திரண்டு லட்சம் வந்தது. வந்த வேகத்தில், உட்காரக்கூட இல்லாமல், வரித்துறைக்குப் போனது. ஐயாயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பது பங்குகளுக்கான காகிதம் பீரோவில் புடவைகளுக்கு அடியில் போய்ப் படுத்தது. ரெண்டு வருஷம் தவணையைச் சமாளித்தால் போதும். வீட்டுக்காரரின் ஓய்வூதியத்தில் முக்கால்வாசி தவணைக்கு. மீதிக் காலில் மருந்து. மருந்துக்கு அப்புறம் மிஞ்சியதில் சாப்பாடு.

எட்டு மாதத்தில் செய்தி வந்தது. விமானத்தில் வந்த கோட்டுப் போட்ட ஆட்கள் அந்த நாற்பதைக் கொடுப்பதை நிறுத்திவிட்டார்கள். பை ஒன்றுக்கு அறுபது வாங்கிய கம்பெனி நூற்றிருபது கேட்டது. மக்கள் பையை வாசலிலிருந்து எடுத்து உள்ளே வைத்துக்கொண்டார்கள். துவைக்க யாருக்கும் மறந்துபோகவில்லை. முந்நூறு மெஷினில் இருநூற்றைம்பது சும்மா நின்றன.

"கொம்பு விழுந்துருச்சாம்," என்றாள்.

"போனா போகுது. குதிரை இருக்கும்ல?" என்றார் வீட்டுக்காரர்.

பதினாலாவது மாதம் குதிரையையும் விற்றார்கள். பெரிய கம்பெனி ஒன்று ஆறு கோடி டாலருக்கு வாங்கிக்கொண்டது. அவள் பேப்பரின் ஓரத்தில் கணக்குப் போட்டுப் பார்த்தாள். நூறு கோடிக்கு எழுபத்திரண்டு லட்சம் என்றால், ஆறு கோடிக்கு நாலே கால் லட்சத்துச் சொச்சம். அடி பலம்தான், ஆனால் உயிர் போகாது. வங்கியிடம் கெஞ்சி, தவணையை நீட்டி, மூன்றாவது மாடியிலேயே இருமிக்கொண்டு காலத்தை ஓட்டிவிடலாம்.

கடிதம் வழவழப்பான தாளில் வந்தது. இந்த மகத்தான பயணத்தில் எங்களோடு நடந்த உங்களுக்கு நன்றி என்று இருந்தது. கீழே ஒரு கட்டம். தங்கள் பங்குகளுக்குச் செலுத்தப்படும் தொகை. கட்டத்துக்குள் ஒரு பூஜ்ஜியம், ஒரு புள்ளி, இன்னும் இரண்டு பூஜ்ஜியம். ஒன்றே போதாதா என்று நினைத்தாள்.

பென்சில் நேரிலேயே வந்தான். சோபாவின் நுனியில் உட்கார்ந்தான். காதில் பென்சில் இல்லை. அவனுக்கும் வேலை போய்விட்டது.

"பணம் போட்டவங்க ஒவ்வொருத்தரும் எழுதி வாங்கியிருந்தாங்க அக்கா. கம்பெனியை வித்தா முதல்ல அவங்க போட்டதை எடுத்துக்குவாங்க. கடைசியா வந்தவருக்கு, போட்டதுல ரெண்டு மடங்கு. அப்படி எழுதிக் குடுத்ததாலதான் அவரு அவ்வளவு விலை குடுத்தாரு. அதாலதான் நூறு கோடியே வந்துச்சு. எல்லாரும் எடுத்தப்புறம் மீதி இருந்தா நமக்கு."

"மீதி இல்ல."

"அவங்களுக்கே பத்தல."

"அவரு வாங்குனதும் நான் வெச்சிருக்குறதும் ஒரே பங்கு இல்லயா?"

"பேரு ஒண்ணு அக்கா. சரக்கு வேற."

அவள் ரேகையில்லாத விரல்நுனிகளை ஒன்றோடொன்று தேய்த்தாள். பல வருடம் முந்தைய மேல்கோட்டு, அதன் விலை, அந்தச் சத்தம், உள்ளங்கை அகல வெளுப்பு எல்லாம் வந்து எதிரே நின்றன. உள்மடிப்புக்கு வேறு துணி வைத்துத் தைத்திருக்கிறான்.

"உனக்கு அன்னைக்கே தெரியும்," என்றாள்.

"வெளிய சொல்ல மாட்டேன்னு கையெழுத்து வாங்கியிருந்தாங்க. பொண்ணுக்கு அந்த வருஷம்தான் காலேஜ்." அவன் தரையைப் பார்த்தான். "சொல்லியிருக்கணும்."

"கொம்பனுக்கு?"

"வாங்கின கம்பெனில மூணு வருஷத்துக்குச் சம்பளம் எழுதிக் குடுத்துட்டாங்க."

கொம்பனிடமிருந்தும் அன்று ஒரு குறுஞ்செய்தி வந்திருந்தது. எல்லாருக்கும் அனுப்பியது. நாம ஒரு சரித்திரம் படைச்சோம், என்றைக்கும் நாம ஒரே குடும்பம். கடைசியில் ஒரு குதிரைப் படம். அவள் அதை அழிக்கப் போனாள். போன் அவள் விரலைக் கண்டுகொள்ளவில்லை. வீட்டுக்காரர் வாங்கி அழித்தார்.

வரித்துறைக்குப் போனாள். வந்தே வராத வருமானத்துக்குக் கட்டிய இருபத்திரண்டு லட்சத்தைத் திருப்பிக் கேட்டாள். ஜன்னலுக்குப் பின்னால் இருந்த அதிகாரி இரக்கமுள்ளவர்தான். மூன்று புத்தகம் புரட்டினார்.

"அன்னைக்கு மதிப்பு இருந்துச்சும்மா. அன்னைக்கு வரி. இன்னைக்கு நஷ்டம்னா, இனிமே உங்களுக்கு இந்த மாதிரி வேற எதுலயாவது லாபம் வந்தா அதுல கழிச்சுக்கலாம். எட்டு வருஷம் வரைக்கும். வேற ஏதாவது லாபம் இருக்கா?"

"ஒரு கடிகாரம் இருக்கு," என்றாள்.

அவர் அதை எழுதிக்கொள்ளலாமா என்று ஒரு கணம் யோசித்த மாதிரி இருந்தது.

தவணை மூன்று தவறியது. நான்காவதற்கு வங்கிக்காரர் மறுபடி அளவு நாடாவோடு வந்தார், அறைகள் இதற்குள் சுருங்கியிருக்கும் என்கிற மாதிரி. ஏலத்துக்கு விட்டால் இன்னும் கேவலமாகப் போகும், நீங்களே விற்றுவிடுங்கள் என்றார். வீட்டுக்காரர் அடுக்களைக் கடிகாரத்தைப் பார்த்தார். ஒரு பங்கை விற்றுப் பார்க்கிற யோசனை அவருடையதாயிற்றே. அந்த மாதம் முழுவதும் அவர் செய்த ஒரே வேலை, தினமும் காலையில் கடிகாரத்தின் கண்ணாடியைத் துடைத்தது.

வாங்க வந்தவர்கள் ஒரு இளம் ஜோடி. நல்ல பிள்ளைகள். படியேறி வந்த வேகத்துக்கு மூச்சுகூட வாங்கவில்லை. அறைகளைப் பார்த்தார்கள், தண்ணீர்க் குழாயைத் திறந்து பார்த்தார்கள், விலைக்குச் சம்மதித்தார்கள். பத்திரம் எழுதும் நாளும் குறித்தாயிற்று. வங்கிக்குப் போக மிஞ்சுவதில் ஊர் ஓரத்தில் ஒரு ஒற்றை அறைக்கு முன்பணம் கொடுக்கலாம். தரைத்தளம். படி ஏற வேண்டாம். இதில் நல்லது என்று சொல்ல அந்த ஒன்றுதான் கிடைத்தது.

சாமான் கட்டுகிற நாளில் அந்த ஜோடி இன்னொருமுறை வந்தது. வீட்டுக்காரர் அடுக்களைக் கடிகாரத்தைக் கழற்றி அக்குளில் இடுக்கிக்கொண்டார். அது அங்கேயும் ஓடிக்கொண்டிருந்தது.

சுவரில் ஒரு வட்டம் இருந்தது. சுற்றிலும் அடுப்பு எண்ணெயும் புகையும் ஏறிப் பழுப்பாகியிருந்த சுவரில், கடிகாரம் மறைத்த இடம் மட்டும் வெளேரென்று, குதிரை நெற்றி மாதிரி.

"அய்யோ, இது என்ன கறை?" என்றாள் அந்தப் பெண்.

"அது கறை இல்லம்மா. அதுதான் சுத்தம். மத்ததுதான் கறை," என்றார் வீட்டுக்காரர்.

"அங்கிள், துடைச்சா போயிருமா? இல்ல, மொத்தமா பெயின்ட் அடிக்கணுமா?" என்று அந்த இளைஞன் கேட்டான். "அடிக்கணும்னா அந்தச் செலவைக் கழிச்சுக்கறோம். ஆயிரத்து ஐநூறு ஆகும்."

வீட்டுக்காரர் திரும்பி அவளைப் பார்த்தார். கட்டி வைத்த பெட்டிகளில் மேலாக இருந்ததைத் திறந்து, அடியிலிருந்து சின்னப் பாட்டிலை எடுத்தாள். டாக்டர் தொடக் கூடாது என்று சொன்ன பாட்டில். முந்தானையால் மூக்கை மூடிக்கொண்டாள். கதவுக்குப் பின்னால், தரையை ஒட்டி, யார் கண்ணுக்கும் தெரியாத மூலையில் குந்தி உட்கார்ந்து, துணி நுனியில் ஒரு சொட்டு விட்டுச் சுவரில் ஒற்றினாள். பத்து எண்ணினாள். துடைத்தாள்.

பழுப்பு போய் வெள்ளை வந்தது. சுண்ணாம்பு உரியவில்லை. எல்லாரும் குனிந்து பார்த்தார்கள்.

"போகுதே," என்றான் இளைஞன் நிம்மதியாக. "அப்ப பெயின்ட் வேண்டாம்."

கறையக்கா அந்த வெள்ளைப் புள்ளியையே பார்த்துக்கொண்டிருந்தாள். எழுந்திருக்கச் சுவரைப் பிடிக்க வேண்டியிருந்தது. இருமல் நிற்கிறவரை எல்லாரும் காத்திருந்தார்கள்.

"இங்க போச்சு," என்றாள். "முழுசுக்கும் போகும்னு என்னால சொல்ல முடியாது. ஆயிரத்து ஐநூறைக் கழிச்சுக்கங்க."

வீட்டுக்காரர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். அவள் பாட்டில் மூடியை இறுக்கித் திருகி, அவர் கையில் கொடுத்தாள். ஒரு அக்குளில் கடிகாரமும் மறுகையில் பாட்டிலுமாக அவர் முன்னால் படி இறங்கினார். அவள் பின்னால் வந்தாள். இரண்டாவது மாடியில் உட்கார்ந்தாள்.